அந்நியமாதல் என்னும் சொல்லும் தீக்குச்சி அடுக்கிய கைகளும்

'அந்நியமாதல்' என்ற சொல் தமிழுக்குள் வந்த கதையை யாராவது தனியாக எழுத வேண்டும். எழுபதுகளின் சிறுபத்திரிகைகளைப் புரட்டிப் பார்க்கிறவர்களுக்கு இந்தச் சொல் எத்தனை விதமாகப் புழங்கியது என்பது தெரியும். எஸ்.வி. ராஜதுரை முதலில் எக்ஸிஸ்டென்ஷியலிசம் பற்றியும், பின்னர் 'அந்நியமாதல்' என்ற தலைப்பிலேயே மார்க்ஸியச் சிந்தனையை முன்வைத்தும் எழுதிய நூல்களைக் க்ரியா வெளியிட்டது. இரண்டையும் ஒரே வாசகர்கள்தாம் படித்தார்கள். ஆனால் சொல்லுக்குள் இரண்டு வேறு பொருள்கள் இருந்தன. நகரத்து அறையொன்றில் தனித்திருப்பவனின் வெறுமை ஒன்று. உழைப்பவர் தாம் ஆக்கிய பொருளிலிருந்தும், ஆக்கும் செயலிலிருந்தும், தம் மனிதத் தன்மையிலிருந்தும், சக மனிதரிடமிருந்தும் பிரித்து எடுக்கப்படுவது மற்றொன்று. 1844இல் பாரிஸில் மார்க்ஸ் எழுதி வைத்து, 1932இல்தான் முழுமையாக அச்சேறிய கையெழுத்துப் படிகளில் இருப்பது இரண்டாவது பொருள். நம் நவீன இலக்கியம் பெரிதும் சுவீகரித்துக்கொண்டது முதலாவதை.

இதைக் குறையாகச் சொல்லவில்லை. நகுலனின் 'நினைவுப்பாதை'யும் அசோகமித்திரனின் நகரத்துக் கதைகளும் அந்த முதல் பொருளிலிருந்து கிளைத்த சாதனைகள். ஆயினும் சென்னையிலும் திருவனந்தபுரத்திலும் இருந்த மத்தியதர வர்க்கத்து மனிதனின் தனிமையைப் பற்றி நாம் இவ்வளவு நுட்பமாக எழுதிக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், அந்தச் சொல்லின் இரண்டாவது பொருள் ஏறத்தாழ அட்சரம் பிசகாமல் நடந்தேறிக்கொண்டிருந்த ஓர் ஊர் தமிழ்நாட்டிலேயே இருந்தது. அது சிவகாசி. அந்த ஊரைத் திரைப்படம் எப்படிப் பார்த்தது, அல்லது பார்க்கத் தவறியது என்பதே இக்கட்டுரையின் விஷயம்.

*

நவீன வாழ்வின் அந்நியமாதலைப் பற்றிய படம் என்றதும் தீவிர சினிமா ரசிகர்களின் மனம் ஐரோப்பாவுக்குத்தான் செல்கிறது. அந்தோனியோனியின் 'செம்பாலை' (1964) உடனே நினைவுக்கு வரும். ராவென்னாவின் ஆலைகளுக்கு நடுவே திகைத்து நிற்கும் பெண்ணின் மனநிலைக்காக மரங்களுக்கும் புல்லுக்கும்கூடச் சாயம் பூசச் செய்தவர் அவர். கிரேக்கத்திலிருந்து ஒரு சிறிய உதாரணத்தைச் சொல்லலாம். 'மூடுபனியில் ஒரு நிலக்காட்சி', 'நித்தியமும் ஒரு நாளும்' ஆகிய படங்களின் வழியாகத் தமிழ் வாசகர்களுக்கு அறிமுகமான தியோ ஆஞ்சலோபூலோஸ், முழுநீளப் படங்களுக்கு வருமுன் 'ஒலிபரப்பு' என்ற கறுப்பு வெள்ளைக் குறும்படத்தை எடுத்தார். 1968இல் தெஸ்ஸலோனிகி விழாவில் காட்டப்பட்டது. ஒரு வானொலி நிலையத்தார் 'லட்சிய மனிதன்' யார் என்று ஏதென்ஸ் தெருக்களில் போவோர் வருவோரிடம் கேட்கிறார்கள். ஆளாளுக்கு எங்கோ கேட்ட வாசகங்களைத் திருப்பிச் சொல்கிறார்கள். கடைசியில் சாதாரண மனிதர் ஒருவர் லட்சிய மனிதனாகத் தேர்வு பெறுகிறார். அவருக்குப் பரிசு, ஒரு திரை நட்சத்திரத்துடன் சந்திப்பு. அவ்வளவுதான் கதை. 1967 ஏப்ரலில் ராணுவம் ஆட்சியைப் பிடித்த நாட்டில், மனிதர்கள் தம் வாயால் பிறருடைய சொற்களைப் பேசுவதைக் காட்டுவதற்கு அதுவே போதுமானதாக இருந்தது.

இந்தப் படங்களிலெல்லாம் ஒரு பொது அம்சம் உண்டு. அந்நியமானவர் ஒரு தனி ஆள். அவரைச் சுற்றி மௌனமோ, பொருளற்ற பேச்சோ சூழ்ந்திருக்கிறது. அவருக்கு ஓய்வு நேரம் இருக்கிறது. அந்த நேரத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று தெரியவில்லை. கேமரா அவரை ஆலைக்கு வெளியே, வீதியிலோ கடற்கரையிலோ படுக்கையறையிலோ சந்திக்கிறது.

ஜெர்மானிய இயக்குநர் ஹருன் ஃபரோக்கி இதை வேறொரு கோணத்திலிருந்து கவனித்தார். 1895இல் லூமியேர் சகோதரர்கள் லியோன் நகரில் எடுத்த முதல் படமே அவர்களுடைய சொந்த ஆலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியேறும் காட்சிதான். ஒரு நிமிடத்துக்கும் குறைவானது. அதன் நூற்றாண்டான 1995இல் ஃபரோக்கி, பல படங்களிலிருந்து ஆலை வாசல் காட்சிகளைத் தொகுத்து அதே தலைப்பில் ஒரு கட்டுரைப்படம் செய்தார். அவர் கண்டது இதுதான்: சினிமாவுக்கு ஆலை என்றால் அதன் வாசல். தொழிலாளி வாசலைத் தாண்டி வெளியே வந்தபின், தனி மனிதனாக ஆனபின்தான் பெரும்பாலான கதைகள் தொடங்குகின்றன. உள்ளே நடப்பது சினிமாவுக்கு உரியதாக இருக்கவில்லை.

இந்தியாவில் மணி கவுல் பிலிம்ஸ் டிவிஷனுக்காக 1980இல் எடுத்த 'அரைவல்' என்ற சோதனைக் குறும்படம் வாசலை வேறு பக்கமிருந்து அணுகியது. பம்பாய்க்கு வந்து சேரும் மனிதர்கள், காய்கறிகள், அறுப்புக்கு வரும் ஆடுகள் ஆகியவற்றை அடுத்தடுத்து வைத்து, எல்லாமே சந்தைக்கு வரும் சரக்குதான் என்று காட்டியது. அங்கும் நகரம், அங்கும் வந்து சேர்தல். சிவகாசிப் பகுதியில் நடந்தது இதற்கு நேர் எதிரானது. மனிதர்கள் ஆலையைத் தேடிப் போய்க் குடியேறவில்லை. ஆலை பேருந்தாகவும், முன்பணமாகவும், பெட்டி ஒட்டும் அட்டையாகவும் அவர்களுடைய கிராமத்துக்கும் வீட்டுத் திண்ணைக்கும் வந்தது. வாசல் இல்லாத ஆலையை எந்த இடத்தில் நின்று படமெடுப்பது?

*

ஆலை எப்படி வந்தது என்பதைச் சற்று விரிவாகவே பார்க்க வேண்டும்.

கரிசல் மண், பொய்க்கும் மழை, பருத்தியும் கம்பும் சோளமும். இந்தப் பூமியிலிருந்து 1922இல் ப. அய்ய நாடாரும் அ. சண்முக நாடாரும் தீப்பெட்டித் தொழில் கற்கக் கல்கத்தா சென்றதும், திரும்பி வந்து சிவகாசியில் ஆலை தொடங்கியதும் அவ்வூரில் பலமுறை சொல்லப்படும் தோற்றக்கதை. பெருமிதத்துக்குரிய கதைதான். 1899இல் கொள்ளைக்கும் கொலைக்கும் ஆளான ஓர் ஊர், கால் நூற்றாண்டுக்குள் தொழில் நகரமாக எழுந்த வரலாற்றை எளிதாகக் கடந்துவிட முடியாது. ஆனால் அந்தக் கதையில் அதிகம் கவனிக்கப்படாத ஒரு திருப்பம் உண்டு. ஜெர்மனியிலிருந்து இயந்திரங்களை வரவழைத்துத் தொடங்கிய தொழில், வெகு விரைவில் இயந்திரத்தைக் கைவிட்டுக் கைவேலைக்கு மாறியது. மழை பொய்த்த பூமியில் மனிதக் கை இயந்திரத்தைவிட மலிவு. உலகெங்கும் கைவேலையிலிருந்து இயந்திரத்துக்குப் போனதாக நாம் படிக்கும் நவீனத்துவ வரலாறு இங்கே பின்புறமாக நடந்திருக்கிறது.

ஸ்வீடன் நிறுவனத்தின் இந்தியக் கிளையான விம்கோ அதே இருபதுகளில் முழு இயந்திர ஆலைகளை நிறுவியது. 1934இல் தீப்பெட்டிக்கு உற்பத்தி வரி வந்தது. பின்னாளில் சிறிய, கைத்தொழில் ஆலைகளுக்குக் குறைந்த வரி என்ற படிநிலை ஏற்பட்டது. நோக்கம் நல்லது. விளைவு என்னவென்றால், பெரிய உரிமையாளர்கள் தம் ஆலையைக் காகிதத்தில் பல சிறு ஆலைகளாகப் பிரித்துக்கொண்டார்கள். சிறிதாக இருப்பதே லாபம் என்றானது. அவ்வாறு துண்டு துண்டாகச் சிதறிய வேலை, சாத்தூர், கோவில்பட்டி, சிவகாசி வட்டாரக் கிராமங்கள் முழுக்கப் பரவியது.

வேலை என்ன? மென்மரக் குச்சிகளைச் சட்டத்தின் பள்ளங்களில் ஒவ்வொன்றாக அடுக்க வேண்டும். கட்டை அடுக்குதல் என்று பெயர். சட்டத்தை இறுக்கிக் குச்சிகளின் நுனியை மெழுகில் தோய்த்து, பின்னர் மருந்தில் முக்குவார்கள். காய்ந்தபின் உருவி எடுத்துப் பெட்டியில் அடைக்க வேண்டும். உள்பெட்டியும் மேல்பெட்டியும் ஒட்டுவது பெரும்பாலும் வீட்டு வேலை. மைதாப் பசையும் மயில் துத்தமும் கலந்த வாடை அந்த வீடுகளின் வாடை. பக்கவாட்டில் உரசும் மருந்து பூசுதல், வரிச் சீட்டு ஒட்டுதல், லேபிள் ஒட்டுதல், டஜனாகக் கட்டுதல் என்று வரிசை நீளும். கூலி நேரத்துக்கு அல்ல, எண்ணிக்கைக்கு. அடுக்கிய கட்டைகளை எண்ணி, ஒட்டிய பெட்டிகளைக் குரோஸ் கணக்கில் எண்ணிக் கூலி. ஒரு குரோஸ் என்றால் 144. பன்னிரண்டு வயதில் பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு படிக்காத சிறுமிக்கும் 144இன் மடங்குகள் மனப்பாடமாக இருக்கும்.

மார்க்ஸ் சொன்ன நான்கு பிரிவினைகளும் இங்கே உருவகம் அல்ல. கட்டை அடுக்குபவர் ஒரு குச்சியையும் கொளுத்திப் பார்ப்பதில்லை. அவர் அடுக்குவது இன்னும் தீக்குச்சிகூட அல்ல, வெறும் குச்சி. லேபிள் ஒட்டுபவரிடம் வரும்போது அது பெட்டி. எந்த ஒரு கையும் முழுப் பொருளைத் தொடுவதில்லை. பக்கத்தில் அமர்ந்திருப்பவருடன் பேசினால் எண்ணிக்கை குறையும். அறை நிறைய ஆட்கள் இருப்பார்கள், தோளோடு தோள் உரசும் நெருக்கம் இருக்கும். அந்தோனியோனியின் நாயகியைச் சூழும் வெற்றிடம் இங்கே கிடையாது. அந்நியமாதல் என்றால் தனிமை என்று புரிந்துகொண்டவர்களுக்கு இந்த நெரிசலான அறை அந்தச் சொல்லோடு பொருந்தாததாகத் தோன்றியிருக்கலாம்.

ஒரு சிறு இடைக்குறிப்பு. எங்கள் தலைமுறைச் சிறுவர்கள் தமிழ்நாடெங்கும் தீப்பெட்டிப் படங்களைச் சேகரித்தோம், வைத்து விளையாடினோம். கி. ராஜநாராயணனின் 'கதவு' கதையிலும் குழந்தைகள் தமக்குக் கிடைத்த ஒரு தீப்பெட்டிப் படத்தைக் கதவில் ஒட்டி மகிழ்வார்கள். ஒரு குழந்தையின் பொக்கிஷம் இன்னொரு குழந்தையின் குரோஸ் கணக்கு. அந்தக் கதையை எத்தனையோ முறை படித்திருக்கிறோம். அந்தப் படத்தை ஒட்டிய முதல் கை யாருடையது என்ற கேள்வி வாசிப்பில் எழுந்ததில்லை.

*

காமராசர் பிறந்த விருதுநகர், பள்ளியில் மதிய உணவு என்ற எண்ணத்தோடு சேர்த்து நினைவுகூரப்படும் ஊர். 1982 ஜூலையில் எம்.ஜி.ஆர். அதைச் சத்துணவுத் திட்டமாக விரிவாக்கினார். அதே ஆண்டுகளில் அங்கிருந்து 30 கிலோமீட்டர் தூரத்துக்குள், விடியலுக்கு வெகு முன்பே ஆலைப் பேருந்துகள் கிராமங்களுக்குள் வந்து குழந்தைகளை ஏற்றிச் சென்றன. மூன்று மணி, நான்கு மணிக்கு எழுப்பப்பட்டவர்கள் இருட்டிய பிறகு திரும்பினார்கள். 1976இலேயே ஹர்பன்ஸ் சிங் அறிக்கை இதைப் பதிவு செய்துவிட்டது. 1983இல் ஸ்மிது கோத்தாரி எகனாமிக் அண்ட் பொலிடிகல் வீக்லியில் எழுதிய கட்டுரை நாடு முழுவதும் கவனம் பெற்றது. அப்பகுதியில் வேலை செய்த குழந்தைகள் சுமார் 45,000 பேர் என்பது எண்பதுகளில் ஆய்வாளர்கள் திரும்பத் திரும்ப எடுத்தாண்ட கணக்கு.

1986இல் குழந்தைத் தொழிலாளர் தடைச் சட்டம் வந்தது. தீப்பெட்டி, பட்டாசுத் தயாரிப்பில் குழந்தைகளை அமர்த்துவதைத் தடை செய்தது. ஆனால் உரிமையாளர் தம் குடும்பத்தாரின் உதவியோடு நடத்தும் பட்டறைக்கு விலக்கு அளித்தது. அதாவது, சட்டமும் லூமியேரின் கேமராவைப் போல வாசலில்தான் நின்றது. எங்கே வாசல் இல்லையோ, எங்கே வீடே பட்டறையோ, அங்கே அதற்குப் பார்வை இல்லை. எம்.சி. மேத்தா தொடுத்த வழக்கில் 1990இல் உச்ச நீதிமன்றம், குழந்தைகளை உற்பத்தியிடத்திலிருந்து விலக்கிப் பொதியும் வேலையில் அமர்த்தலாம், பெரியவர்களின் குறைந்தபட்சக் கூலியில் 60 விழுக்காடு தரவேண்டும் என்றது. இன்று படித்தால் திகைப்பாக இருக்கும். ஆனால் அந்தக் காலத்தின் மனசாட்சி அவ்வளவுதான் எட்டியது.

அதே 1990இல் 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' வெளிவந்தது. இயக்கியவர் கர்நாடகத்தைச் சேர்ந்த சலம் பென்னூர்கர். ஒரு மணி நேரத்துக்குச் சற்றே கூடுதலான இந்தத் தமிழ் ஆவணப்படம் சிவகாசியின் குழந்தைத் தொழிலாளர்களைப் பற்றியது. தலைப்பே ஒரு கூர்மையான விமர்சனம். சிவகாசியைக் குட்டி ஜப்பான் என்று நேரு புகழ்ந்ததாகச் சொல்வது வழக்கம். ஊர் அந்தப் பட்டத்தை விருதுபோல அணிந்திருந்தது. பென்னூர்கர் அதன் பக்கத்தில் 'குழந்தைகள்' என்ற ஒரே சொல்லை வைத்தார். புகழ்மொழி கணக்குக் கேட்கும் மொழியாக மாறிவிட்டது.

இந்தப் படத்தைக் குழந்தை உழைப்பு ஒழிப்புப் பிரச்சாரத்தின் ஒரு பகுதியாக மட்டும் வகைப்படுத்துவது நம் ஆவணப்பட வரலாற்றெழுத்தின் சோம்பல் என்று எண்ணுகிறேன். பிரச்சாரப் படத்தின் இலக்கணம் வேறு. சுவரொட்டிகளில் ஒரு குழந்தையின் பெரிய கண்கள் நம்மைப் பார்க்கும். நாம் இரக்கப்படுவோம். அந்தக் குழந்தைக்குப் பெயர் இருக்காது, ஊர் இருக்காது, கூலி எவ்வளவு என்று இருக்காது. ஆலையில் விரல்களாகச் சுருங்கியவர் சுவரொட்டியில் கண்களாகச் சுருங்குகிறார். எண்பதுகளின் இறுதியிலும் தொண்ணூறுகளிலும் சிவகாசி இப்படியாக உலகப் பத்திரிகைகளில் ஒரு படிமமாகிப் போனது. சிவகாசிக்காரர்கள் அதை அவதூறு என்று கருதிக் கசந்ததில் பாதி நியாயம் இருந்தது. மீதிப் பாதி, கணக்கு வழக்குகள் சொன்ன உண்மை.

பென்னூர்கரின் படத்துக்கு வரலாற்றில் இருக்கும் இடம், அந்தப் படிமத்துக்கு முன்னால் மொழியை வைத்ததால் கிடைப்பது. கன்னட நாட்டிலிருந்து வந்தவர் ஆங்கில விவரணை கொண்ட செய்திப்படம் ஒன்றை எடுத்துவிட்டுப் போயிருக்கலாம்; அப்படிச் செய்திருந்தால் யாரும் குறைசொல்லியிருக்க மாட்டார்கள். அவர் படத்துக்குத் தமிழிலேயே பெயர் வைத்தார், தமிழிலேயே எடுத்தார். தமிழ்நாட்டுக்குள் இந்தப் படம் பரவலான திரையிடல் பெறாமல், திரைப்படச் சங்கங்கள், தொண்டு நிறுவனங்கள், கல்லூரி அரங்குகள் என்ற குறுகிய வட்டத்திலேயே தங்கிவிட்டது இலக்கிய வாசகர்களாகிய நமக்கும் சேர்ந்த பொறுப்பு. கிரேக்கப் படங்களைத் தேடித் தேடிப் பார்த்தோம், பட்டியலிட்டோம், அவற்றைப் பற்றி எழுதினோம். பக்கத்து மாவட்டத்துப் படத்துக்கு அந்தத் தேடல் வாய்க்கவில்லை.

*

நம் பக்கத்திலிருந்தே ஒருவர் அந்தத் தேடலைச் செய்தார். எழுத்தாளர் பூமணி.

கோவில்பட்டி அருகே ஆண்டிபட்டியில் பிறந்தவர், கூட்டுறவுத் துறையில் பணியாற்றியவர், 'பிறகு', 'வெக்கை', 'நைவேத்தியம்' நாவல்களை எழுதியவர். என்.எஃப்.டி.சி. தயாரிப்பில் தொண்ணூறுகளில் அவர் எழுதி இயக்கிய படம் 'கருவேலம் பூக்கள்'. நாசர், ராதிகா, சார்லி, தலைவாசல் விஜய் நடித்தார்கள். தங்கர் பச்சான் ஒளிப்பதிவு செய்தார். வறண்ட கரிசல் கிராமம் ஒன்று, விவசாயம் கைவிட்ட குடும்பங்கள், தீப்பெட்டி ஆலைக்குப் போகும் பிள்ளைகள். முழுநீளக் கதைப்படம்தான், வடிவத்தில் சோதனை முயற்சி அல்ல. ஆனால் அதில் ஒரு சிந்தனைச் சோதனை இருக்கிறது. அதுதான் அந்நியமாதல் என்ற சொல்லை நான் மறுபடியும் யோசிக்கக் காரணமாயிற்று.

அந்நியமாதல் என்றால், எதிலிருந்து அந்நியமாதல்? ஐரோப்பியச் சிந்தனையில் இந்தக் கேள்விக்குப் பின்னால் எப்போதும் ஒரு பழைய முழுமை பற்றிய நினைவு இருக்கிறது. நிலத்தோடும் கருவியோடும் சுற்றத்தோடும் ஒன்றியிருந்த கைவினைஞன், விவசாயி. ஆலை அவனைப் பிய்த்து எடுத்தது. நம் இலக்கியத்திலும் கிராமத்தை இழந்த நகரவாசியின் ஏக்கமாக இது வந்து சேர்ந்தது. ஆனால் கரிசல் காட்டின் ஒடுக்கப்பட்ட சாதிக் குடும்பத்துக்கு அப்படி ஒரு முழுமை எந்தக் காலத்தில் இருந்தது? 'பிறகு' நாவலின் அழகிரி ஊருக்கெல்லாம் தோல்வேலை செய்கிறவன். அவன் கைத்திறன் அவனுடையது, ஆனால் ஊர் அவனுடையது அல்ல. நிலம் இல்லாதவனை ஆலை நிலத்திலிருந்து பிரித்தது என்று சொல்ல முடியாது. சம்சாரியின் வயலில் கூழுக்கும் தானியத்துக்கும் கைகட்டி நின்ற குடும்பத்துக்கு, ஆலைக் கூலி கையில் காசாக வந்தது. அதுவும் பெண்பிள்ளையின் கையில்.

பூமணி கிராமத்தைப் பொன்னுலகமாகக் காட்டுகிறவர் அல்லர். வறண்ட காடும் இருட்டில் வரும் பேருந்தும் அவருடைய உலகில் ஒன்றையொன்று குற்றம்சாட்டி நிற்கின்றன. எது மேல் என்று சொல்லும் சலுகையை அவர் தமக்கும் பார்வையாளருக்கும் தருவதில்லை. தலைப்பில் உள்ள மரத்தையும் கவனிக்க வேண்டும். இப்பகுதியை விழுங்கிவிட்ட சீமைக்கருவேலம் அல்ல, நாட்டுக் கருவேலம். கடும் கோடையிலும் மஞ்சளாகச் சிறு பூ பூப்பது, யாரும் சூடாதது. அந்தப் பூவைப் பிள்ளைகளுக்குப் பெயராக வைத்ததில் இரக்கமும் இருக்கிறது, இரக்கத்தை மறுக்கும் ஒரு முள்ளும் இருக்கிறது.

இங்கே ஆஞ்சலோபூலோஸை மறுபடியும் அழைக்கலாம். 'ஒலிபரப்பு' குறும்படத்துக்குப் பின் அவர் எடுத்த முதல் முழுநீளப் படம் 'மறுநிகழ்த்தல்' (1970). எபிரஸ் மலைப்பகுதியின் கல்வீட்டுக் கிராமம். ஜெர்மனிக்குக் கூலிவேலைக்குப் போய்த் திரும்பும் கணவனை மனைவியும் அவள் காதலனும் கொன்றுவிடுகிறார்கள். ஆனால் படம் மக்கள் வெளியேறிச் சுருங்கிப்போன அந்தக் கிராமத்தின் சாவைப் பற்றியதுதான். ஏதென்ஸ் வீதியில் 'லட்சிய மனித'னைத் தேடியவர், இரண்டே ஆண்டுகளில் அந்நியமாதலின் வேர் நகரத்தில் இல்லை, ஆட்களை அனுப்பிவிட்டுக் காலியான கிராமத்தில் இருக்கிறது என்று கண்டடைந்தார். பூமணியின் பயணம் இதை ஒத்ததும் இதிலிருந்து விலகியதும் ஆகும். எபிரஸில் கிராமம் காலியானது. கரிசலில் கிராமம் காலியாகவில்லை. ஆட்கள் அங்கேயே இருக்க, அவர்களுடைய நேரம் மட்டும் வெளியேறியது. அதிகாலை போயிற்று, விளையாடும் மாலை போயிற்று, பள்ளி போயிற்று. உடல் இரவில் வீட்டுக்குத் திரும்பிக்கொண்டுதான் இருந்தது.

'கருவேலம் பூக்கள்' குறைகளற்ற படம் அல்ல. பழகிய நட்சத்திர முகங்கள் சில இடங்களில் அந்தப் புழுதியோடு ஒட்டாமல் நிற்கின்றன. பூமணியின் உரைநடையில் இருக்கும் சிக்கனம் திரையில் எப்போதும் கைகூடவில்லை. ஆயினும் தமிழில் ஓர் எழுத்தாளர் தம் மண்ணின் ஆலைக்குள் கேமராவுடன் நுழைந்த அரிய தருணம் அது.

*

வணிக சினிமாவுக்கும் சிவகாசி தேவைப்பட்டது. 2005இல் அந்தப் பெயரிலேயே ஒரு வெற்றிப்படம் வந்தது. அதில் சிவகாசி என்பது நாயகனின் பெயர். ஊர் முழுதும் கரைந்து, வெடிக்கும் வீரத்துக்கு ஓர் அடைமொழியாக மிஞ்சியது. தொலைக்காட்சிக் கேமராக்கள் இரண்டே தருணங்களில் அங்கே போகின்றன: தீபாவளிக்கு முந்தைய வாரம், அல்லது விபத்து நடந்த மாலை. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டி ஆலையில் ஏறத்தாழ 40 பேர் இறந்தபோது போயின. 2021 பிப்ரவரியில் சாத்தூர் அருகே அச்சங்குளத்தில் 20க்கும் மேற்பட்டோர் இறந்தபோது போயின. இரண்டுக்கும் நடுவில் உள்ள முந்நூற்றுச் சொச்சம் நாட்கள், அலுமினியப் பொடி படிந்து வெள்ளியாக மினுங்கும் கைகள் வேலைசெய்யும் சாதாரண நாட்கள், காட்சிக்கு உரியவை ஆகவில்லை.

மாற்றங்கள் நடந்திருக்கின்றன என்பதை மறைக்கக் கூடாது. 1996 டிசம்பர் 10 அன்று உச்ச நீதிமன்றம், அபாயத் தொழில்களில் குழந்தைகளை அமர்த்தும் ஒவ்வொரு முதலாளியும் குழந்தைக்கு 20,000 ரூபாய் வீதம் நலநிதிக்குச் செலுத்த வேண்டும் என்று தீர்ப்பளித்தது. சிறப்புப் பள்ளிகள் வந்தன. 2016இல் சட்டம் மேலும் இறுக்கப்பட்டு, 14 வயதுக்குட்பட்டவர்களை எந்தத் தொழிலிலும் அமர்த்துவது தடைசெய்யப்பட்டது. இன்று ஆலைகளுக்குள் குழந்தைகளைக் காண்பது அரிது. கட்டை அடுக்கும் வேலையின் பெரும் பகுதியை இயந்திரங்கள் எடுத்துக்கொண்டன. 1922இல் கல்கத்தா போனவர்களின் ஊர், ஒரு முழு வட்டம் சுற்றி, கைவிட்ட இயந்திரத்துக்கே திரும்பியிருக்கிறது. பட்டாசுத் தொழிலை 2018 தீர்ப்புக்குப் பின் பேரியம் தடையும் சரவெடித் தடையும் வேறு விதமாக நெருக்குகின்றன. அதனால் வேலை இழப்பவர்களும் அதே குடும்பங்கள்தாம்.

பென்னூர்கர் படமெடுத்த ஆண்டில் பத்து வயதானவர்களுக்கு இப்போது நாற்பத்தைந்து கடந்திருக்கும். அவர்களுடைய பிள்ளைகளில் பலர் கல்லூரி முடித்துவிட்டார்கள். தாய்மார்களில் பலர் இன்னும் ஆலையிலும் திண்ணையிலும் இருக்கிறார்கள். அவர்கள் தம் குழந்தைப் பருவத்தை எப்படி நினைவுகூர்கிறார்கள் என்பதை அவர்கள் வாயாலேயே சொல்லும் மூன்றாவது படம் ஒன்று இனி வரவேண்டும். பரிதாபப் படிமத்துக்கும் ஊர்ப்பெருமைக்கும் நடுவே தம் கதை எங்கே இருக்கிறது என்று அவர்களுக்குத் தெரியும். ஒருவேளை அவர்கள் அதை நாம் எதிர்பார்க்காத விதத்தில், பேருந்துக்குள் பாடிய பாட்டாகவோ முதல் கூலியில் வாங்கிய வளையலாகவோ சொல்லக்கூடும். அப்படிச் சொன்னால் நம் கோட்பாடு கொஞ்சம் ஒதுங்கி நின்று கேட்க வேண்டியிருக்கும்.

பூமணி அதன்பின் 'அஞ்ஞாடி' (2012) எழுதினார். கழுகுமலைக் கலவரத்தையும் 1899 சிவகாசிக் கொள்ளையையும் உள்ளடக்கிய அந்தப் பெருநாவல் 2014இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. 'வெக்கை' 2019இல் 'அசுரன்' ஆகிப் பெருந்திரளைச் சென்றடைந்தது. அசுரனைப் பார்த்துவிட்டு வெக்கையைத் தேடி வாங்கிய இளைஞர்களில் எத்தனை பேர் அதன் ஆசிரியரே இயக்கிய படம் ஒன்று இருக்கிறது என்று அறிந்தார்களோ!

தீப்பெட்டியின் விலை 2021 டிசம்பர் 1 அன்று, 14 ஆண்டுகளுக்குப் பிறகு, ஒரு ரூபாயிலிருந்து இரண்டு ரூபாய் ஆனது. அப்போது பெட்டிக்குள் இருக்கும் குச்சிகளின் எண்ணிக்கையும் 36இலிருந்து 50 ஆக உயர்த்தப்பட்டது.